பன்னிரண்டு எக்ஸ் கழித்தல் இருபது

எக்ஸ் என்ற எழுத்தை நான் முதன்முதலில் பார்த்தது என் வீட்டு அரிசி மூட்டையின் மேல்தான். என் வீட்டுக்காரர் அதைச் சாக்பீசால் பெரிதாகப் போட்டு வைத்திருந்தார். அரிசியில் வண்டு விழுந்துவிட்டது, கடைக்குத் திருப்பி அனுப்ப அடையாளம் வைத்திருக்கிறார் என்று நினைத்து, ஒரு கை அள்ளி முகர்ந்துகூடப் பார்த்தேன். நல்ல அரிசிதான். ஒன்றும் புரியாமல் மூட்டையை மூடி வைத்தேன்.

சாயங்காலம் அவர் வேலை விட்டு வந்ததும் கேட்டேன்.

"அது எக்ஸ். நீ ஒரு நாளைக்கு எத்தனை டின் அரிசி போடுறியோ அதுதான் எக்ஸ்."

"பத்து டின் போடுறேன். பத்துன்னே எழுத வேண்டியதுதானே?"

"மழை நாள்ல ஆறுதானே போடுற?"

"அப்போ ஆறுன்னு எழுதுங்க."

"பத்துக்கும் ஆறுக்கும் சேர்த்துத்தான் எக்ஸ்."

பத்தும் ஆறும் சேர்ந்தால் பதினாறு. அதையும் சொன்னேன். அவர் தலையில் கையை வைத்துக்கொண்டு, "உனக்குச் சொல்லிக் கொடுக்கிறதுக்குள்ள வெள்ளைக்காரன் கப்பலே ஏறிடுவான்" என்றார்.

அந்தக் காலத்தில் எதற்கெடுத்தாலும் வெள்ளைக்காரன் கப்பல் ஏறுவதுதான் பேச்சு. சுதந்திரம் வரப்போகிற தேதியை எங்கள் மலாக்கா பாடாங் மைதானத்தில்தான் சொன்னார்கள். வீட்டுக்காரரும் போய்க் கேட்டுவிட்டுத் தொண்டை கட்டிப்போய் வந்தார். அவர் டவுனில் ஓர் ஆபீசில் கிராணி, குமாஸ்தா வேலை. துரைகள் போனால் மேல் நாற்காலிகள் காலியாகும், உட்காருவதற்குச் சர்டிபிகேட் வேண்டும், சர்டிபிகேட்டுக்குக் கணக்குப் பரீட்சை வேண்டும் என்று வாரத்தில் மூன்று மாலை வகுப்புக்குப் போனார். அங்கே கற்றுக்கொண்டதை வைத்துக்கொள்ள அவருக்கு வேறு இடம் கிடைக்கவில்லை. என் இடியாப்ப வியாபாரத்தில் கொண்டுவந்து இறக்கினார்.

வியாபாரம் என் ஒருத்தியுடையது அல்ல. நாங்கள் குடியிருந்த காஜா பெராங்கில் எங்களுக்கு அடுத்த வீட்டில் ஒரு மலாக்கா செட்டிப் பெண் இருந்தார். எத்தனையோ தலைமுறைக்கு முன்னே வந்து மலாயோடு கலந்துபோன தமிழ்ச் சனம் அவர்கள். என்னைவிடப் பத்து வயது மூத்தவர். நெற்றியில் திருநீறு, உடம்பில் சாரோங் கெபாயா. நாங்கள் கும்பிடுகிற கோயிலில்தான் அவரும் கும்பிடுவார், ஆனால் தமிழ் பேச வராது. சாமி பேரும் நாலைந்து உறவுமுறைச் சொல்லும் மட்டும் தமிழ், மீதியெல்லாம் அவர்களுடைய மலாய். நான் அவரை அக்கா என்பேன். அவர் என்னை ஆடே என்பார், தங்கை என்று அர்த்தம். புருஷன் இறந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. ஏழு வயதிலும் ஐந்து வயதிலும் இரண்டு பெண் பிள்ளைகள்.

ரப்பர் தோட்டத்திலிருந்து கல்யாணமாகி வந்த எனக்கு அந்தச் சந்தில் இருந்த ஒரே துணை அவர்தான். சும்மா சொல்லவில்லை. அவர் இல்லாவிட்டால் நான் முதல் வருஷமே பெட்டியைக் கட்டிக்கொண்டு அம்மா வீட்டுக்குப் போயிருப்பேன். என் இடியாப்பத்தைத் தின்று பார்த்து, இதை விற்கலாம் என்று சொன்னவரும் அவர்தான். மத்தியானம் நான் பால் டின்னால் அரிசியை அளந்து ஊற வைப்பேன். வடித்து, இடித்து, சலித்து, வறுத்து வைத்தால் மறுநாள் விடியலில் பிழியலாம். அக்கா கூடையை எடுத்துக்கொண்டு ஜாலான் பெண்டஹாரா கடைத்தெரு வரைக்கும் நடந்து, கடைச் சிப்பந்திகளுக்கு விற்றுவிட்டு, காசைக் கொண்டுவந்து என் மடியில் கொட்டுவார். சின்னவளும் கூடவே ஓடுவாள். மிச்சத்தை வாரக் கடைசியில் பாதிப் பாதியாகப் பிரிப்போம். இதில் எக்ஸுக்கு என்ன வேலை என்று எனக்குப் புரியவில்லை.

வீட்டுக்காரர் விடவில்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை அவரே ஒரு டின் அரிசியைத் தலைதட்டி அளந்து, மாவாக்கிப் பிழியச் சொன்னார். அச்சு ஒரு தடவை நிறைந்தால் ஓர் இடியாப்பம். சரியாகப் பத்து வந்தது. ஒன்று மூன்று காசு. ஆக ஒரு டின்னுக்கு முப்பது காசு வரவு. அரிசி பதினாலு காசு, தேங்காயும் சர்க்கரையும் நாலு காசு. கரிக்கும் வாழையிலைக்கும் எத்தனை டின் போட்டாலும் நாளுக்கு இருபது காசு. இவ்வளவையும் எழுதிக் கூட்டிக் கழித்து, கடைசியில் ஒரு வரியின் கீழே இரண்டு கோடு போட்டார்.

"பன்னிரண்டு எக்ஸ் கழித்தல் இருபது. இதுதான் உங்க லாபம்."

"காசு எங்க?"

"எக்ஸுக்குப் பதிலா பத்து போடு. நூத்தி இருபதுல இருபது போச்சுன்னா நூறு காசு, ஒரு வெள்ளி. ஆறு போட்டா அம்பத்திரண்டு காசு. புரியுதா?"

புரிந்தது என்று சொன்னேன். புரியவில்லை. ஒரே எழுத்து காலையில் பத்தாக இருந்து மழை வந்தால் ஆறாக மாறும் என்றால், அந்த எழுத்தை எப்படி நம்புவது? ஆனால் மனுஷன் முகத்தில் அவ்வளவு சந்தோஷம் பார்த்ததால் வாயை மூடிக்கொண்டேன். அன்றைக்கு வாயைத் திறந்திருக்கலாம்.

மறுவாரமே ஆரம்பித்தது. பத்து டின் போட்ட நாள் மூன்று வெள்ளி வரவேண்டும். அக்கா கொண்டுவந்தது இரண்டு வெள்ளி தொண்ணூற்று நாலு காசு. விற்காத மிச்சம் எதுவும் கூடையில் இல்லை. நாணயம் எங்கேயாவது உருண்டிருக்கும் என்று பாயைத் தூக்கிப் பார்த்தேன். அடுத்த நாளும் அதே தொண்ணூற்று நாலு. மழை பெய்தது, ஆறு டின் போட்டேன். ஒரு வெள்ளி எண்பது வரவேண்டியது, எழுபத்து நாலுதான் வந்தது.

வீட்டுக்காரர் வந்த காசையெல்லாம் வரிசையாக எழுதிப் பார்த்துவிட்டுப் பென்சிலைக் காதில் செருகிக்கொண்டார். பிறகு சொன்னார்: "இதைப் பாரு. அச்சுல கொஞ்சம் கூடப் பிழிஞ்சு போறதா இருந்தா, பத்து டின்னுக்கு ஒரு மாதிரி குறையணும், ஆறு டின்னுக்கு அதைவிடக் கம்மியாக் குறையணும். எக்ஸ் மாறினாலும் இது மாறவே மாட்டேங்குது. தினமும் ஆறே காசு. ரெண்டே இடியாப்பம்."

"அதுனால?"

"அதுனால இது மாவுல குறையலை. யாரோ தினமும் ரெண்டு எடுக்கிறாங்க."

இரண்டு என்றதும் அடுத்த வீட்டு இரண்டு பிள்ளைகளும் என் கண் முன்னே வந்து நின்றன. இரண்டு பேருமே சுவர்ப் பலகையைப் பார்த்தோம். அந்தப் பக்கம் அக்கா பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது.

"பிழிஞ்சதை எண்ணிக் கொடுத்துப் பாரேன்" என்றார்.

"சமைச்சதை எண்ணக்கூடாது. தின்னுறவங்க உடம்புக்கு ஆகாது" என்றேன். எங்கள் வீட்டில் சோற்றையும் பலகாரத்தையும் எண்ணினால் அம்மாவிடம் கை மேல் அடி விழும். அந்த ஞாயிற்றுக்கிழமை பத்தை எண்ணியதே எனக்கு உறுத்திக்கொண்டிருந்தது.

அவரும் வற்புறுத்தவில்லை. "எண்ணாமலே தெரிஞ்சுக்கத்தான் அல்ஜீப்ரா" என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டார்.

பிள்ளைகள் இரண்டைத் தின்றால் என்ன, தின்றுவிட்டுப் போகட்டும் என்று ஒரு மனம் சொன்னது. கேட்டிருந்தால் நானே நாலு கொடுத்திருப்பேனே, ஏன் சொல்லாமல் எடுக்க வேண்டும் என்று இன்னொரு மனம் குமுறியது. இதற்குக் கோபப்படுவதா, வெட்கப்படுவதா என்றே எனக்குத் தெரியவில்லை. அந்த வாரம் கோயிலுக்கு அரிசி வாங்க மாதாமாதம் வருகிற மனிதர் வாசலில் வந்து நின்றார். அன்னதானத்துக்கு வைக்கிற பானையை எடுத்து அவர் பைக்குள் கவிழ்த்தேன். நிறைந்திருந்தது. கவிழ்க்கும்போதுகூட, தினமும் இரண்டு எங்கே போகிறது என்றுதான் மண்டையைக் குடைந்துகொண்டிருந்தேன்.

மூன்றாவது வாரம் வீட்டுக்காரர் கறாராகச் சொன்னார்: "இப்படியே போனா பங்கு வேணாம். நீயே தனியா ஏதாவது கடைக்குப் போடு."

அக்காவை விட்டுவிடுவதா? அதைவிடக் கேட்டுவிடுவது மேல் என்று தோன்றியது. மறுநாள் வீட்டுக்காரர் கணக்குப் போட்ட காகிதத்தையும் எடுத்துக்கொண்டு அக்காவிடம் போனேன். மலாயில்தான் சொன்னேன். தமிழாக இருந்தால் ஊரைச் சுற்றி வளைத்து, பூசி மெழுகிச் சொல்லியிருப்பேன். என் மலாய்க்குச் சுற்றி வரத் தெரியாது. கடைக்காரனிடம் மீன் விலை கேட்கிற மலாய் அது. தினமும் இரண்டு குறைகிறது, கூடையைப் பார்த்துக்கொள்ளுங்கள், இது வீட்டுக்காரர் போட்ட கணக்கு. நான் சொன்னது அவ்வளவுதான்.

அக்கா காகிதத்தை வாங்கித் தலைகீழாகப் பிடித்துப் பார்த்தார். அவருக்குப் படிக்கத் தெரியாது. என்னை ஒரு தடவை பார்த்தார். "தா ஆப்பா, ஆடே" என்றார். பரவாயில்லை தங்கச்சி என்று அர்த்தம். யாருக்குப் பரவாயில்லை, எதற்குப் பரவாயில்லை என்று எனக்கு விளங்கவில்லை. காகிதத்தை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

மறுநாள் சரியாக மூன்று வெள்ளி வந்தது.

அதற்கடுத்த நாளும் மூன்று வெள்ளி. ஆறு டின் போட்டால் ஒரு வெள்ளி எண்பது. ஒரு காசு பிசகவில்லை. வீட்டுக்காரர் நோட்டில் வரிசையாகச் சரி போட்டார். "பார்த்தியா, கேட்டதும் சரியாயிடுச்சு" என்றார். எனக்கு அந்தச் சரியைப் பார்க்கப் பார்க்க எரிந்தது. அப்படியானால் எடுத்தது உண்மைதான் என்று ஆகிவிட்டதே. குறைந்தபோது ஒரு சந்தேகமாவது மிச்சம் இருந்தது. கணக்கு நேரான பிறகு அதுவும் போய்விட்டது. அக்கா முன்பு மாதிரியே வந்தார், கூடையை எடுத்தார், சிரித்தார். நான்தான் முகத்தைப் பார்க்க முடியாமல் அடுப்பைப் பார்த்துப் பேசினேன். நடுவில் ஒருநாள் சாயங்காலம் சுவருக்கு அந்தப் பக்கம் சின்னவள் வீறிட்டு அழுதாள். என்ன வாலுத்தனமோ என்று நினைத்துக்கொண்டு மாவைச் சலித்தேன்.

இப்படி மூன்று வாரம் ஓடியது. ஒரு சனிக்கிழமை இட்லிப் பானை மூடியைத் திறந்தபோது ஆவி அடித்து என் வலது கை வெந்துபோனது. மணிக்கட்டு வரை துணி சுற்றிக்கொண்டு உட்கார்ந்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வீட்டுக்காரர்தான் அரிசி அளந்தார். பத்து டின். மாவு இடிப்பதற்கும் மறுநாள் பிழிவதற்கும் அக்கா வந்தார். ஒரு வார்த்தை முகம் சுளிக்கவில்லை. பிழிந்து, அவித்து, கூடையைத் தூக்கிக்கொண்டு சின்னவளோடு நடந்தார்.

அன்றைக்குக் காசைக் கொட்டிவிட்டுப் போனார். நான் இடது கையால் எண்ணினேன். மூன்று வெள்ளி ஆறு காசு. கை மாறியதால் எண்ணிக்கை மாறிவிட்டது என்று மறுபடி எண்ணினேன். மூன்று வெள்ளி ஆறு காசுதான்.

சாயங்காலம் வீட்டுக்காரர் மூன்று தடவை எண்ணினார். "இது வரவே முடியாது" என்றார். "எக்ஸ் பத்துன்னா மூணு வெள்ளிதான். அதுக்கு மேல ஒரு காசு எப்படி வரும்? இல்லாத இடியாப்பத்தை யாரு வித்தாங்க?"

"விலையைக் கூட்டி வித்திருப்பாங்களோ?"

"ஆறு காசுக்கா?"

அவருக்கும் குழம்பிப்போனதைப் பார்த்து எனக்கு ஒரு நிமிஷம் சந்தோஷமாகக்கூட இருந்தது. பொய் சொல்வானேன். அப்புறம் அதே ஆறு காசு என்பது உறைத்தது. குறைந்ததும் ஆறு, கூடியதும் ஆறு. நடுவில் மாறியது என்ன?

"நேத்து எப்படி அளந்தீங்க?" என்றேன்.

"எப்படின்னா?"

"அளந்து காட்டுங்க."

அவர் மூட்டையை அவிழ்த்து, டின்னை முக்கி, தலைதட்டி முறத்தில் கொட்டினார். ஒன்று, இரண்டு என்று பத்து வரை எண்ணினார். டின்னைக் கீழே வைத்தார்.

"அப்புறம்?"

"அப்புறம் என்ன? அவ்வளவுதான்."

அவ்வளவு இல்லை. அவர் டின்னை வைத்ததுமே என் கை முறத்துக்குப் போய்விட்டிருந்தது. துணி சுற்றிய கை. வெந்த வலியோடு அது அரிசியில் ஒரு பிடி அள்ளி, மூட்டைக்குப் பின்னால் இருந்த கோயில் பானையின் மேல் நின்றது. நான் போகச் சொல்லவில்லை. அதுவாகவே போயிருந்தது.

நினைவு தெரிந்த நாளிலிருந்து எங்கள் வீட்டில் அரிசி அளந்தால் சாமிக்கு ஒரு பிடி. அம்மா செய்தாள், நானும் செய்தேன். நாளுக்கு ஒரு பிடி, ஒரு டின் அளந்தாலும் ஒன்றுதான், பத்து அளந்தாலும் ஒன்றுதான். முன்பெல்லாம் சோற்றுக்கு அளக்கும்போது எடுப்பேன். வியாபாரம் வந்த பிறகு, அரிசி நிறைய இருக்கிற இடத்திலிருந்து எடுக்கக் கை பழகிக்கொண்டது போல. மூச்சு விடுவதை யார் எண்ணிக்கொண்டிருப்பார்கள்? பானை நிறைவது எனக்குத் தெரியும், மாதாமாதம் நானேதான் கவிழ்த்தேன். அது வியாபாரத்து அரிசி, அதில் இரண்டு இடியாப்பம் இருக்கிறது என்று ஒருநாளும் எனக்குத் தோன்றவில்லை.

வீட்டுக்காரர் பானையைப் பார்த்தார், என் கையைப் பார்த்தார். நோட்டை எடுத்து இருபதை அடித்து இருபத்தாறு என்று எழுதினார். "சாமிக்குப் போட்டதைச் செலவுல எழுதுவீங்களா?" என்று பாய்ந்தேன். கோபம் அவர் மேல் இல்லை. வேறு யார் மேல் காட்டுவது என்று தெரியவில்லை.

"அப்போ இந்த மூணு வாரமா கணக்கு எப்படிச் சரியா வந்துச்சு?" என்று அவர் மெதுவாகக் கேட்டார்.

கேட்டதுமே இரண்டு பேருக்கும் பதில் தெரிந்துவிட்டது. தொண்ணூற்றெட்டு விற்று நூறுக்குக் காசு வந்திருக்கிறது. அக்கா தினமும் தன் கையிலிருந்து ஆறு காசு போட்டிருக்கிறார். இன்றைக்கு நூறையும் விற்றுவிட்டு, வழக்கம்போல ஆறு காசு போட்டுவிட்டார். வீட்டுக்காரர் பென்சிலை எடுத்து ஆறு எக்ஸ் என்று எழுதப் போனார். எழுதாமல் வைத்துவிட்டார். ஞாயிறு போக, இன்றையதோடு சேர்த்துப் பதினெட்டு நாள், ஒரு வெள்ளி எட்டு காசு. இதற்கு எக்ஸ் தேவைப்படவில்லை.

காசை எடுத்துக்கொண்டு, காலையில் எங்களுக்கென்று தனி மாவில் பிழிந்து வைத்திருந்ததில் இரண்டு இடியாப்பத்தைத் தேங்காய் சர்க்கரையோடு தட்டில் வைத்துக்கொண்டு அடுத்த வீட்டுக்குப் போனேன். என் கடை மலாயில் எல்லாவற்றையும் சொன்னேன். என் கை, பானை, சாமி, ஒரு பிடி. நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது. அக்கா கேட்டுக்கொண்டே இருந்தார். இடுப்பிலிருந்து அந்தக் காகிதத்தை எடுத்தார். மடிப்பில் கிழியத் தொடங்கியிருந்தது.

"ஏன் அக்கா நீங்க எடுக்கலைன்னு சொல்லலை?" என்றேன்.

"நான் எடுக்கலைன்னு எனக்குத் தெரியும்" என்றார் அவருடைய மலாயில். "உன் வீட்டுக்காரர் படிச்சவர். எழுதியே கொடுத்திருந்தார். எழுதினது தப்பாகுமா? பெரியவள் ஸ்கூலுக்குப் போயிடுறா. கூடையோட வர்றது இவதானே."

சின்னவள் கதவோரம் நின்றுகொண்டிருந்தாள்.

"தினமும் கேட்டேன். எடுக்கலைன்னு சொன்னா. அடிச்சேன். அப்பவும் எடுக்கலைன்னா. மூணாவது தடவை அடிச்சப்போ ஆமான்னு சொல்லிட்டா. அதுக்கப்புறம் அடிக்கலை."

அந்த அழுகையை நான் கேட்டிருந்தேன், மாவு சலித்துக்கொண்டு. காசை நீட்டினேன். அக்கா வாங்கி, எண்ணாமல் முடிந்துகொண்டார். பிறகு நான் சின்னவள் முன்னால் குந்தி உட்கார்ந்து தட்டை நீட்டினேன். இது உனக்குத்தான், எடுத்துக்கோ என்றேன்.

அவள் அம்மாவைப் பார்த்தாள். இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டாள். "தா அம்பில்" என்றாள். எடுக்கலை என்று அர்த்தம்.

தட்டை அவள் பக்கத்தில் தரையிலேயே வைத்துவிட்டு வந்தேன். விடிந்ததும் அக்கா வழக்கம்போலக் கூடைக்கு வந்தார். தட்டையும் கையோடு கொண்டுவந்து என்னிடம் கொடுத்தார். இரண்டு இடியாப்பமும் அப்படியே இருந்தன.